உப்பு, சோடா, அம்மோனியா: கரைசலுக்குள் நடப்பதைப் படிப்படியாகப் பார்க்க ஒரு முழு வழிகாட்டி

பிளஸ் டூ மாணவர்களுக்குப் பல வருடம் வேதியியல் சொல்லிக் கொடுத்ததில் ஒன்றைத் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். "உப்பு தண்ணீரில் கரையும், ஆப்ப சோடா கரையும், அம்மோனியாவும் கரையும்" என்று மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுவார்கள். மூன்றுக்கும் ஒரே வினைச்சொல் என்பதால் மூன்றும் ஒரே காரியம் என்று மனதில் பதிந்துவிடுகிறது. டம்ளருக்குள் நடப்பதோ மூன்று வேறு கதைகள். உப்பு பிரிந்து நிற்கிறது, அவ்வளவுதான். சோடா பிரிந்த பிறகு தண்ணீரிடமே ஒரு பங்கு கேட்கிறது. அம்மோனியாவில் நூற்றுக்கு ஒன்றோ இரண்டோதான் மாறுகிறது. மீதி அப்படியே இருந்துகொண்டு, கொஞ்சம் சூடு கிடைத்தால் வெளியே பறந்துவிடுகிறது.

இந்த மூன்று நடத்தைகளையும் கையால் தொட்டும், கண்ணால் பார்த்தும், மூக்கால் உணர்ந்தும் ஒருமுறை அறிந்துகொண்டால், பாடப்புத்தகத்தில் எல்லோரும் உருப்போடும் சால்வே முறையை (உப்புநீரிலிருந்து சலவை சோடா தயாரிக்கும் ஆலை முறை) உருப்போடவே வேண்டாம். உப்புநீரும் அம்மோனியாவும் ஒரே பாத்திரத்தில் சந்தித்தால் என்ன ஆகும் என்று நீங்களே சொல்லிவிடுவீர்கள். அந்த இடம் வரைக்கும் உங்களை நடத்திப் போவதுதான் இந்த வழிகாட்டியின் வேலை.

தொடங்குவதற்கு முன்

வீட்டில் செய்யக்கூடியவற்றுக்கு வேண்டியது இவ்வளவே: கல்லுப்பு, ஆப்ப சோடா (சோடியம் பைகார்பனேட்), சலவை சோடா (சோடியம் கார்பனேட்), நாட்டுமருந்துக் கடையில் கிடைக்கும் நவச்சாரம் (அம்மோனியம் குளோரைடு), வெற்றிலைக்குப் போடும் சுண்ணாம்பு, கொஞ்சம் மயில்துத்தம் (தாமிர சல்பேட்), மஞ்சள்தூள், பத்துப் பதினைந்து சங்குப்பூ. கிராம் காட்டும் சிறிய தராசு ஒன்று, மருத்துவ வெப்பமானி அல்லாத சாதாரண ஆய்வக வெப்பமானி ஒன்று, நாலைந்து கண்ணாடி டம்ளர். அலுமினியப் பாத்திரம் வேண்டாம். காரக் கரைசல்கள் அதை அரிக்கும். மயில்துத்தம் விஷம், சாப்பாட்டுப் பாத்திரத்தில் வைக்காதீர்கள்.

காஸ்டிக் சோடாவும் (சோடியம் ஹைட்ராக்சைடு), புட்டி அம்மோனியாவும் பள்ளி அல்லது கல்லூரி ஆய்வகத்தில், கண்ணாடியும் கையுறையும் போட்டு, ஆசிரியர் பக்கத்தில் இருக்கும்போது மட்டும்தான். ஒரு விஷயத்தை இப்போதே அழுத்திச் சொல்லிவிடுகிறேன்: அம்மோனியா கலந்த எதையும் வீட்டு பிளீச்சிங் திரவத்தோடு சேர்க்காதீர்கள். பிளீச்சும் ஒரு சோடியம் சேர்மத்தின் கரைசல்தான், சோடியம் ஹைப்போகுளோரைட். இரண்டும் சேர்ந்தால் குளோரமின் என்ற நச்சு வாயு வரும். கழிவறையைச் சுத்தம் செய்கிறேன் என்று இரண்டையும் ஒன்றாக ஊற்றி நுரையீரலைக் கெடுத்துக்கொண்டவர்கள் உண்டு.

முதல் படி: உப்பு எவ்வளவு கரைகிறது, எங்கே போகிறது

100 மி.லி. தண்ணீரில் ஐந்தைந்து கிராமாகக் கல்லுப்பைப் போட்டுக் கலக்குங்கள். 35 கிராம் வரை கரையும். 36 கிராமைத் தாண்டினால் எவ்வளவு கலக்கினாலும் அடியில் தங்கும். இதுதான் தெவிட்டிய கரைசல்.

இப்போது டம்ளரில் நீர்மட்டத்தைக் குறித்துப் பாருங்கள். 36 கிராம் உப்புப் படிகம் தனியாக ஏறக்குறைய 17 மி.லி. இடம் பிடிக்கும். ஆனால் கரைசல் 117 மி.லி. ஆகாமல், 113 மி.லி. அளவிலேயே நின்றுவிடும். மீதி எங்கே போயிற்று? உப்பு சோடியம் அயனியாகவும் குளோரைடு அயனியாகவும், அதாவது மின்னேற்றம் கொண்ட துகள்களாக, பிரிகிறது. ஒவ்வொரு சோடியம் அயனியையும் சுற்றி ஐந்தாறு நீர் மூலக்கூறுகள், ஆக்சிஜன் பக்கத்தை அதை நோக்கித் திருப்பிக்கொண்டு நெருக்கியடித்து நிற்கின்றன. மின்னேற்றத்தின் இழுப்பில் தண்ணீரே சற்றுச் சுருங்குகிறது. அந்தக் குறையும் மூன்று நான்கு மி.லி. என்னை இன்றைக்கும் வியக்க வைக்கிறது. கண்ணுக்குத் தெரியாத அயனி தண்ணீரை இறுக்கிப் பிடிப்பதை ஒரு அளவுக்குடுவையில் நேராகப் பார்த்துவிடலாம்.

அடுத்து இதே கரைசலைக் கொதிக்கும் வரை சூடாக்குங்கள். இன்னும் மூன்று கிராம்தான் கூடுதலாகக் கரையும். 0 டிகிரி செல்சியஸில் சுமார் 35.7 கிராம், 100 டிகிரியில் 39 கிராம். வெப்பத்தை இவ்வளவு அலட்சியம் செய்யும் உப்பு அபூர்வம். தூத்துக்குடியிலும் வேதாரண்யத்திலும் உப்பளத்தில் பாத்திகட்டி வெயிலில் காயவைப்பதற்குக் காரணம் இங்கேதான் இருக்கிறது. செறிவான உப்புநீரைக் குளிரவைத்து உப்பெடுக்க முடியாது, குளிர்ந்தாலும் அது விடாது. தண்ணீரை ஆவியாக்கித்தான் ஆகவேண்டும். கடல்நீரில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் போன பிறகே சமையல் உப்பு படியத் தொடங்குகிறது. அதற்கு முன்னாலேயே ஜிப்சம் படிந்துவிடும்; மெக்னீசிய உப்புகள் கடைசி நீரில் மிஞ்சும், அந்த நீரை வடித்துவிடுவார்கள். உப்பின் இந்தக் குணத்தை நினைவில் வையுங்கள், பின்னால் திரும்ப வருவோம்.

இரண்டாம் படி: தொட்டுப் பார்த்தல்

நான்கு டம்ளரில் 100 மி.லி. தண்ணீர். ஒவ்வொன்றின் வெப்பநிலையையும் குறித்துக்கொண்டு, ஒன்றில் 10 கிராம் உப்பு, அடுத்ததில் 9 கிராம் ஆப்ப சோடா, மூன்றாவதில் 10 கிராம் சலவை சோடா, நான்காவதில் 10 கிராம் நவச்சாரம் போட்டு வேகமாகக் கலக்குங்கள்.

உப்பில் ஒரு டிகிரி அளவுக்கே குறையும், சில சமயம் கண்டுகொள்ளக்கூட முடியாது. ஆப்ப சோடாவில் மூன்று நான்கு டிகிரி இறங்கும். நவச்சாரத்தில் ஐந்தாறு டிகிரி இறங்கும், டம்ளர் கையில் சில்லென்று இருக்கும். படிகத்தில் அயனிகளைப் பிரித்தெடுக்க ஆற்றல் வேண்டும். அந்த அயனிகளை நீர் மூலக்கூறுகள் சூழ்ந்துகொள்ளும்போது ஆற்றல் வெளிவரும். செலவு வரவைவிட அதிகமானால் அந்தக் கடனைத் தண்ணீரின் வெப்பத்திலிருந்து எடுக்கிறது, குளிர்கிறது. வரவு அதிகமானால் சூடாகிறது.

சலவை சோடாதான் இதில் சுவாரசியமானது. ஒருவருக்குச் சூடாகும், இன்னொருவருக்குக் குளிரும், இரண்டு பேரும் தங்கள் அளவீடு சரி என்று வாதாடுவார்கள். இரண்டும் சரி. கடையில் சோடா இரண்டு வடிவத்தில் கிடைக்கிறது. வெள்ளைத் தூளாக இருந்தால் அது நீரற்ற சோடியம் கார்பனேட். தண்ணீரில் விழுந்ததும் நீர் மூலக்கூறுகளைப் பேராசையோடு பிடித்துக்கொள்ளும், ஐந்து டிகிரி வரை ஏறும். கண்ணாடி மாதிரித் தெளிவான கட்டியாக இருந்தால் ஒவ்வொரு கார்பனேட்டோடும் பத்து நீர் மூலக்கூறு ஏற்கெனவே ஒட்டியிருக்கிறது. புதிதாகப் பிடிக்க அதிகம் இல்லை, பிரிக்கும் செலவுதான் மிச்சம். அதனால் குளிரும். வாங்கியது எது என்று தெரியாவிட்டால் கரைத்துத் தொட்டுப் பாருங்கள், தெரிந்துவிடும்.

ஆய்வகத்தில் இருப்பவர்கள் 4 கிராம் காஸ்டிக் சோடாவை 100 மி.லி. தண்ணீரில் போடுங்கள். பத்து டிகிரி ஏறும். வெறும் 4 கிராமுக்கு! அதனால்தான் காஸ்டிக் சோடாவைத் தண்ணீரில் கொஞ்சம் கொஞ்சமாகப் போட வேண்டும். காஸ்டிக் சோடாவின் மேல் தண்ணீரை ஊற்றக் கூடாது. ஊற்றினால் முதலில் விழும் சொட்டுத் தண்ணீர் கொதித்து, காரத்தோடு சேர்ந்து முகத்தில் தெறிக்கும்.

மூன்றாம் படி: நிறம் சொல்லும் சேதி

சங்குப்பூவை வெந்நீரில் பத்து நிமிடம் போட்டு நீல நீரை வடித்துக்கொள்ளுங்கள். மஞ்சள்தூளை ஸ்பிரிட்டில் கரைத்து, வடிதாளில் தோய்த்து நிழலில் காயவைத்தால் மஞ்சள்தாள் தயார்.

ஒவ்வொரு கரைசலிலும் கொஞ்சம் எடுத்து சங்குப்பூ நீரைச் சேருங்கள். உப்புக் கரைசல் நீலமாகவே இருக்கும். ஆப்ப சோடா நீலத்தில் லேசாகப் பச்சை கலக்கும். சலவை சோடா நல்ல பச்சை. காஸ்டிக் சோடா பச்சையையும் தாண்டி மஞ்சளுக்குப் போய்விடும். பி.எச். அளவில் (7 நடுநிலை, அதற்கு மேல் போகப் போகக் காரம்) சொன்னால், லிட்டருக்குப் பத்தில் ஒரு மோல் (வேதியியலில் துகள்களை எண்ணும் அலகு) கரைத்திருக்கும்போது உப்பு 7, ஆப்ப சோடா 8.3, சலவை சோடா 11.6, காஸ்டிக் சோடா 13.

நான்கிலும் இருப்பது அதே சோடியம் அயனிதான். அப்படியானால் இந்த வித்தியாசம் சோடியத்திலிருந்து வரவில்லை. வகுப்பில் நான் சொல்வது: சோடியத்தைப் பார்க்காதே, அதன் ஜோடியைப் பார். குளோரைடு ஒரு வலிமையான அமிலத்தின் எச்சம். ஹைட்ரஜன் அயனியை அது திரும்பக் கேட்பதில்லை, அதனால் தண்ணீர் தண்ணீராகவே இருக்கிறது. கார்பனேட் ஒரு பலவீனமான அமிலத்தின் எச்சம். தண்ணீரிடமிருந்தே ஒரு ஹைட்ரஜன் அயனியைப் பிடுங்கிக்கொண்டு பைகார்பனேட் ஆகிறது. பிடுங்கக் கொடுத்த தண்ணீர் ஹைட்ராக்சைடாக நிற்கிறது. வழவழப்பும், அழுக்கு நீக்கும் குணமும் அந்த ஹைட்ராக்சைடால் வருபவை. உவர்மண்ணில் துணி வெளுத்த காலத்திலும் வேலை செய்தது இதுதான். உவர்மண்ணில் இருப்பது இயற்கையான சோடியம் கார்பனேட். பைகார்பனேட்டுக்கோ ஒரு ஹைட்ரஜன் ஏற்கெனவே கிடைத்துவிட்டது, அதனால் அவ்வளவு பசி இல்லை. காஸ்டிக் சோடாவில் ஹைட்ராக்சைடை உண்டாக்க வேண்டியதே இல்லை, கையோடு கொண்டுவந்துவிடுகிறது.

ஒரு சின்னச் சோதனை இங்கே சேர்த்துச் செய்யுங்கள். ஆப்ப சோடாக் கரைசலைப் பாதியாகப் பிரித்து, ஒரு பாதியைப் பத்து நிமிடம் கொதிக்கவிட்டு ஆறவையுங்கள். இரண்டிலும் சங்குப்பூ நீர் விட்டால், கொதித்தது தெளிவாகப் பச்சை காட்டும். சூட்டில் பைகார்பனேட் கார்பன் டை ஆக்சைடையும் நீரையும் விட்டுக் கார்பனேட்டாக மாறுகிறது. மஞ்சள்தூள் சேர்த்த பஜ்ஜி மாவில் சோடா கூடிப்போனால் பொரிந்ததும் சிவப்பாகத் தெரிவதும், வாயில் சோடா வாடை அடிப்பதும் இந்த மாற்றத்தால்தான்.

கரைதிறனையும் இங்கேயே முடித்துவிடலாம். 20 டிகிரியில் 100 மி.லி. தண்ணீருக்கு ஆப்ப சோடா 9.6 கிராம்தான் கரையும். சலவை சோடா (நீரற்ற கணக்கில்) 21 கிராம் அளவு. காஸ்டிக் சோடா 100 கிராமுக்கு மேல். இந்த வரிசையில் ஆப்ப சோடாதான் மிகக் குறைவு என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

நான்காம் படி: தண்ணீர் அல்லாத திரவங்கள்

இதை நீட்ட வேண்டியதில்லை. உப்பை நல்லெண்ணெயில் போட்டுக் கலக்கினால் கரையாது. எண்ணெய் மூலக்கூறுகளுக்கு அயனியைச் சூழ்ந்து இழுக்கும் மின்முனைகள் இல்லை. ஊறுகாயில் உப்பு கரைவது மாங்காயின் சாற்றில், எண்ணெயில் இல்லை. சோடியம் உலோகத்தை மண்ணெண்ணெயில் மூழ்கடித்து வைப்பதும் அது எதுவும் செய்யாத திரவம் என்பதால்தான்.

மருந்துக்கடையில் கிடைக்கும் ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலை, வடிகட்டிய தெவிட்டிய உப்புநீரில் சம அளவு ஊற்றிப் பாருங்கள். பக்கத்தில் அடுப்பு எரியக் கூடாது. தெளிந்த நீர் கலங்கி, நுண்ணிய உப்பு அடியில் இறங்கும். சற்று நேரத்தில் ஆல்கஹால் மேலே தனி அடுக்காக நிற்கும். உப்பு, ஆல்கஹால் இருவருக்கும் தண்ணீர் வேண்டும், இருக்கும் தண்ணீர் போதவில்லை. ஒரு கரைபொருளை இன்னொன்று வெளியே தள்ளும் இந்தக் காட்சியும் பின்னால் உதவும்.

ஐந்தாம் படி: அம்மோனியா

இதுவரை பார்த்தவை எல்லாம் திடப்பொருள்கள். அம்மோனியா வாயு. ஒரு சிட்டிகை நவச்சாரத்தையும் ஒரு சிட்டிகைச் சுண்ணாம்பையும் பீங்கான் தட்டில் வைத்து, ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுக் குச்சியால் குழையுங்கள். ஜன்னல் திறந்திருக்கட்டும். கையால் காற்றை மூக்குப் பக்கம் லேசாக விசிறினால் போதும், மூக்கைச் சுளிக்க வைக்கும் அந்த நெடி வரும், குனிந்து முகராதீர்கள். பித்தளைப் பாத்திரத்துக்கு ஈயம் பூசுகிறவர்கள் சூடான பாத்திரத்தில் நவச்சாரம் தூவும்போது எழும் வெள்ளைப் புகையைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பொருள் புதிதல்ல.

இப்போது மஞ்சள்தாளை ஈரமாக்கி, கலவையைத் தொடாமல் அதற்கு மேலே பிடியுங்கள். தாள் செந்நிறமாக மாறும். வாயுவாக எழுந்து, தாளின் ஈரத்தில் கரைந்து, அங்கே காரமாகிவிட்டது. இன்னொரு மஞ்சள்தாளில் சலவை சோடாக் கரைசல் ஒரு சொட்டு வையுங்கள், அதுவும் சிவக்கும். இரண்டையும் ஒரு கொடியில் போட்டுவிட்டு ஒரு மணி நேரம் கழித்து வாருங்கள். சோடா வைத்த இடத்தில் சிவப்புக் கறை அப்படியே இருக்கும். அம்மோனியாவில் சிவந்த தாள் மறுபடி மஞ்சளாகியிருக்கும். சோடா தாளில் தங்கிவிட்டது, அம்மோனியா வந்த வழியே போய்விட்டது. வேதியியலில் பழைய ஆட்கள் இரண்டுக்கும் வைத்த பெயரே நிலைகாரம், ஆவியாகும் காரம் என்ற பொருளில்தான். இந்த இரண்டு தாள்களைவிட நல்ல பாடம் இந்தத் தலைப்பில் எனக்குத் தெரியாது.

தண்ணீருக்கும் அம்மோனியாவுக்கும் உள்ள ஈர்ப்பு அசாதாரணமானது. 20 டிகிரியில் ஒரு கன அளவு தண்ணீர் ஏறக்குறைய 700 கன அளவு அம்மோனியாவை விழுங்கும். ஆய்வகத்தில் நீரூற்றுச் சோதனை பார்த்திருப்பீர்கள்: உலர்ந்த அம்மோனியா நிரம்பிய குடுவையைக் கவிழ்த்து வைத்து, சொட்டுக் குழாயால் கொஞ்சம் தண்ணீர் செலுத்தினால், அந்தச் சில சொட்டுகளே வாயுவை விழுங்கிக் குடுவைக்குள் வெற்றிடம் உண்டாக்குகின்றன, கீழிருக்கும் பீனால்ஃப்தலீன் (காரம் பட்டால் நிறம் மாறும் பொருள்) கலந்த நீர் இளஞ்சிவப்பாகப் பீறிட்டு ஏறுகிறது. அம்மோனியாவின் நைட்ரஜன் நீரின் ஹைட்ரஜனோடு ஹைட்ரஜன் பிணைப்பில் கைகோக்கிறது. கரையும்போது வெப்பமும் வெளிவருகிறது.

ஆனால் இவ்வளவு கரைந்தும் அது முழுக் காரமாவதில்லை. லிட்டருக்குப் பத்தில் ஒரு மோல் அம்மோனியா இருந்தால், நூறு மூலக்கூறில் ஒன்றுக்குச் சற்று மேல்தான் தண்ணீரிடமிருந்து ஹைட்ரஜன் அயனியை வாங்கி அம்மோனியம் ஆகிறது. மற்ற தொண்ணூற்றெட்டும் அம்மோனியாவாகவே நீந்துகின்றன. பி.எச். 11.1 அளவுதான். புட்டியில் "அம்மோனியம் ஹைட்ராக்சைடு" என்று எழுதியிருக்கும். அந்தப் பெயரில் ஒரு பொருளைத் தனியாகப் பிரித்தெடுத்துக் காட்ட முடியாது. உள்ளே இருப்பது நீரில் கரைந்த அம்மோனியாதான். அடர் அம்மோனியாப் புட்டியை வெயில் நாளில் திறக்கும்போது உள்ளழுத்தம் சீறிக்கொண்டு வருவதற்கும் இதுவே காரணம். குளிர்வித்துத் திறவுங்கள், ஆய்வகத்தில் வாயுவை வெளியே இழுக்கும் புகைக்கூண்டுக்குள் திறவுங்கள். எடையிலும் உப்புநீருக்கு நேர் எதிர்: தெவிட்டிய உப்புநீரின் அடர்த்தி 1.20, அடர் அம்மோனியாவின் அடர்த்தி 0.90.

இரண்டு காரங்களையும் ஒரே பார்வையில் பிரித்துக் காட்டுவது மயில்துத்தம். ஒரு கிராமை 100 மி.லி. தண்ணீரில் கரைத்து இரண்டாகப் பிரியுங்கள். ஒன்றில் காஸ்டிக் சோடாக் கரைசலைச் சொட்டுச் சொட்டாக விட்டால் வெளிர்நீல வீழ்படிவு வரும், மேலும் விட்டாலும் அப்படியே இருக்கும். மற்றதில் நீர்த்த அம்மோனியா விட்டால் முதலில் அதே வெளிர்நீல வீழ்படிவு. விடாமல் சேர்த்தால் அது கரைந்து, மயில்கழுத்து நீலத்தில் தெளிந்த கரைசலாகிவிடும். முதல் வீழ்படிவு ஹைட்ராக்சைடின் வேலை. பிறகு கரைத்தது, மாறாமல் மிஞ்சியிருந்த அந்தத் தொண்ணூற்றெட்டுப் பங்கு அம்மோனியா. அது தாமிர அயனியை நேராகச் சூழ்ந்து பிடித்துக்கொண்டது.

ஒரு நிமிடம், இறால் குட்டைக்கு

நாகப்பட்டினம் பக்கம் இறால் வளர்ப்பவர்களுக்கு இந்தச் சமநிலை அன்றாடக் கவலை. இறால் கழிவிலும் மிஞ்சிய தீவனத்திலும் இருந்து வரும் நைட்ரஜன் நீரில் அம்மோனியமாகவும் அம்மோனியாவாகவும் இரண்டு வேடத்தில் இருக்கும். அம்மோனியம் அயனி செவுளுக்குள் எளிதில் நுழையாது. மின்னேற்றம் இல்லாத அம்மோனியா நுழைந்துவிடும், அதுதான் கொல்வது. 25 டிகிரியில் நன்னீரில் கணக்குப் போட்டால், பி.எச். 7 ஆக இருக்கும்போது மொத்தத்தில் நூற்றுக்கு ஒன்றுக்கும் குறைவாகவே அம்மோனியா. 8 ஆனால் ஐந்து, 9 ஆனால் முப்பத்தைந்துக்கு மேல். வெப்பம் ஏறினால் இன்னும் கூடும். பகலில் பாசிகள் ஒளிச்சேர்க்கைக்காகக் கார்பன் டை ஆக்சைடை எடுத்துக்கொள்ள, மாலைக்குள் பி.எச். ஏறுகிறது. காலையில் பாதுகாப்பாக இருந்த அதே நீர், அதே அளவு நைட்ரஜனோடு, மாலையில் ஆபத்தாகிறது. ஆகவே மொத்த அம்மோனியாவை மட்டும் சோதித்து நிம்மதி அடையாதீர்கள், பி.எச்., வெப்பநிலை இரண்டையும் சேர்த்து, மாலையில் ஒருமுறை பாருங்கள். பி.எச். ஏறியிருக்கும் நேரத்தில் குட்டையில் சுண்ணாம்பைக் கொட்டினால், தட்டில் நவச்சாரத்தோடு குழைத்தோமே, அதையே குட்டை அளவில் செய்ததாகிவிடும்.

ஆறாம் படி: இரண்டும் சந்திக்கும் இடம்

இதுவரை சேர்த்த குறிப்புகளை எடுத்துக்கொள்ளுங்கள். தெவிட்டிய உப்புநீரில் கார்பன் டை ஆக்சைடை மட்டும் செலுத்தினால் என்ன ஆகும்? ஏறக்குறைய ஒன்றும் ஆகாது. கார்பன் டை ஆக்சைடு தண்ணீரில் கொஞ்சமாகக் கரைந்து, அதிலும் கொஞ்சமே பைகார்பனேட் ஆகும். ஹைட்ரஜன் அயனியை வாங்கிக்கொள்ள யாரும் இல்லை.

அதே உப்புநீரை முதலில் அம்மோனியாவால் நிரப்புங்கள். கரையும்போது சூடாகும், குளிரவைத்துக்கொண்டே செய்ய வேண்டும். பிறகு கார்பன் டை ஆக்சைடு. இப்போது அம்மோனியா ஹைட்ரஜன் அயனிகளை ஆவலாக வாங்கிக்கொள்வதால், பைகார்பனேட் குவிகிறது. பாத்திரத்தில் நான்கு வகை அயனிகள்: சோடியம், அம்மோனியம், குளோரைடு, பைகார்பனேட். இவை எப்படி ஜோடி சேர்ந்தாலும் நான்கு உப்புகள்தான் வரலாம். 20 டிகிரியில் கரைதிறன்: சோடியம் குளோரைடு 36, அம்மோனியம் குளோரைடு 37, அம்மோனியம் பைகார்பனேட் 21 அளவு, சோடியம் பைகார்பனேட் 9.6. எது படியும் என்று நான் சொல்ல வேண்டுமா? அதுவும் சோடியம் அயனி ஏற்கெனவே நிரம்பி வழியும் நீர். ஆப்ப சோடாவின் கரைதிறன் அங்கே இன்னும் சரிந்துவிடும். பொது அயனி விளைவு என்று புத்தகம் சொல்வது இதைத்தான். வெள்ளையாகப் படிந்ததை வடிகட்டிச் சூடாக்கினால், மூன்றாம் படியில் அடுப்பில் பார்த்த அதே மாற்றம்: கார்பன் டை ஆக்சைடு வெளியேறி சலவை சோடா. 168 கிராம் பைகார்பனேட்டிலிருந்து 106 கிராம்.

பெல்ஜியத்தின் எர்னஸ்ட் சால்வே 1861-இல் காப்புரிமை வாங்கி, 1865-இல் கூயே என்ற ஊரில் ஆலையில் உற்பத்தியைத் தொடங்கினார். வினை அவருக்கு ஐம்பது வருடம் முன்பே தெரிந்ததுதான். அவர் தீர்த்தது அம்மோனியாவை இழக்காமல் சுற்றவிடும் வழியை. அம்மோனியா விலை உயர்ந்தது. கைவிட்டால் ஆலை மூழ்கிவிடும். வடித்தெடுத்த நீரில் அது அம்மோனியம் குளோரைடாக நிற்கிறது, அதாவது நவச்சாரம். அதில் சுண்ணாம்பைச் சேர்த்துச் சூடாக்கினால் அம்மோனியா திரும்பக் கிடைக்கும். பீங்கான் தட்டில் நீங்கள் ஒரு சிட்டிகையில் செய்ததுதான் ஆலையில் கோபுர உயரத்தில் நடக்கிறது. குஜராத்தின் மிதாப்பூரில் இந்த முறையில்தான் சோடா தயாராகிறது.

சுண்ணாம்பு சேர்ப்பதால் கால்சியம் குளோரைடு என்ற கழிவு மலைபோல் மிஞ்சும். சீனப் பொறியாளர் ஹௌ தேபாங் 1940களில் வேறு வழி காட்டினார்: நவச்சாரத்தை உடைக்காமல் அப்படியே படியவைத்து உரமாக எடுத்துக்கொள்வது. எப்படி? முதல் படிக்குத் திரும்புங்கள். குளிர்ந்தாலும் விடாத உப்பு சமையல் உப்பு. நவச்சாரம் அப்படி இல்லை. 100 டிகிரியில் 77 கிராம் கரைவது 0 டிகிரியில் 29 கிராமாக இறங்கிவிடும். நீரைக் குளிரவைத்து, மேலும் சமையல் உப்பைப் போட்டால், கூடுதல் குளோரைடு நவச்சாரத்தை வெளியே தள்ளுகிறது, உப்போ உள்ளே கரைந்து அடுத்த சுற்றுக்குத் தயாராகிறது. தூத்துக்குடியில் சோடா சாம்பலும் (நீரற்ற சோடியம் கார்பனேட்) அம்மோனியம் குளோரைடு உரமும் ஒரே ஆலையில் இணைபிறவிகளாக வருவது இந்த வழியைச் சேர்ந்ததுதான். பக்கத்திலேயே உப்பளம், வேதியியலுக்கு இதைவிடப் பொருத்தமான இடம் கிடைக்காது.

மாணவர்கள் கேட்கும் ஒரு நல்ல கேள்வி: இதே முறையில் பொட்டாசியம் கார்பனேட் செய்யலாமா? முடியாது. பொட்டாசியம் பைகார்பனேட் 20 டிகிரியில் 33 கிராம் வரை கரையும். படியாது, அதனால் வடிகட்ட ஒன்றும் இருக்காது.

ஏழாம் படி: அம்மோனியாவே கரைப்பானாக இருந்தால்

இதைப் படிக்க மட்டும். யாரும் செய்து பார்க்க வேண்டாம். அம்மோனியாவை மைனஸ் 33 டிகிரிக்குக் கீழே குளிர்வித்தால் நிறமற்ற திரவமாகும். அதில் சோடியம் உலோகத் துண்டைப் போட்டால், தண்ணீரில் போல் தீப்பிடித்து ஓடாது. அமைதியாகக் கரைந்து, மசி மாதிரி அடர்நீலமாகும். சோடியம் தன் எலக்ட்ரானை விட்டுவிட, அந்தத் தனி எலக்ட்ரானை அம்மோனியா மூலக்கூறுகள் சூழ்ந்து ஒரு கூடு கட்டிவிடுகின்றன. அந்த நீலம் கரைந்த எலக்ட்ரானின் நிறம். லித்தியம், பொட்டாசியம் எதைக் கரைத்தாலும் அதே நீலம் வரும். இன்னும் சோடியம் சேர்த்தால் வெண்கலம் போல மின்னும், உலோகம் போல மின்சாரம் கடத்தும். எலக்ட்ரான் கூடுகள் இடம் பிடிப்பதால் திரவம் விரிந்து, வெறும் திரவ அம்மோனியாவைவிட இலேசாகிறது. உப்பு தண்ணீரைச் சுருக்கியதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். துளி இரும்புத் துரு சேர்ந்தால் போதும், நீலம் மறைந்து ஹைட்ரஜன் வெளியேறி சோடமைடு என்ற சோடியம் சேர்மம் உண்டாகும்.

உப்புகளின் கதையும் அங்கே தலைகீழாகும். தண்ணீரில் சில்வர் நைட்ரேட்டோடு பேரியம் குளோரைடு சேர்த்தால் சில்வர் குளோரைடு வெள்ளையாகப் படியும் என்று பத்தாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரியும். திரவ அம்மோனியாவில் சில்வர் குளோரைடு நன்றாகக் கரையும், பேரியம் குளோரைடுதான் கரையாது. ஆகவே அங்கே சில்வர் குளோரைடையும் பேரியம் நைட்ரேட்டையும் சேர்த்தால் பேரியம் குளோரைடு படியும், வினை எதிர்த்திசையில் ஓடும்.

முடித்த பிறகு

அம்மோனியா வாடை உள்ள தட்டை நிறையத் தண்ணீரில் கழுவுங்கள், அந்த நேரத்தில் பிளீச் பக்கம் போகாதீர்கள். மயில்துத்தக் கரைசலைச் சாக்கடையில் ஊற்றக் கூடாது, மீனுக்கும் பாசிக்கும் அது நஞ்சு. சலவை சோடாக் கரைசலைச் சேர்த்துப் படியவைத்து, மேல் நீர் தெளிந்ததும் வடித்து, அடிப்படிவைக் காயவைத்து, பெயர் எழுதிய டப்பாவில் பள்ளி ஆய்வகத்தில் ஒப்படையுங்கள்.

மிஞ்சிய உப்புநீரையும் செறிவான சலவை சோடாக் கரைசலையும் கொட்டிவிடாதீர்கள். இரண்டு தட்டில் ஊற்றி, மெல்லிய துணியால் மூடி, அசையாத இடத்தில் வையுங்கள். நாலைந்து நாளில் உப்புத் தட்டில் ஓரம் கூர்மையான கனசதுரங்கள் நிற்கும். சோடாத் தட்டில், குளிர்ந்த இரவாக இருந்தால், கண்ணாடிக் கட்டிகள் வளரும். அவற்றை எடுத்து உலர்ந்த காற்றில் வைத்துவிட்டு மறுநாள் வந்து பாருங்கள்: பிடித்துவைத்திருந்த நீரைக் காற்றுக்குக் கொடுத்துவிட்டு மேலெல்லாம் வெள்ளைப் பொடி பூத்திருக்கும். அந்தப் பொடியைக் கொஞ்சம் சுரண்டி எடுத்துத் தண்ணீரில் போட்டு, இரண்டாம் படியில் செய்தது போல் தொட்டுப் பாருங்கள்.